பிரெனீஸ் மலையடியில் ஒரு கவிஞர்
அந்தோனியோ மச்சாதோவின் வாழ்வும் இறுதிப் பயணமும்

ஸ்பெயினையும் பிரான்சையும் பிரித்து நிற்கும் பிரெனீஸ் மலைத்தொடர் அட்லாண்டிக் கடலோரத்தில் தொடங்கி மத்தியதரைக் கடலோரத்தில் வந்து முடிகிறது. முடியும் இடத்தில் மலை தன் உயரம் குன்றி, ஆல்பேர் எனப்படும் குன்றுகளாகத் தாழ்ந்து, திராட்சைத் தோட்டங்களைச் சுமந்தபடி கடலுக்குள் இறங்குகிறது. ஸ்பெயின் பக்கத்துக் கடைசி ஊர் போர்ட்போ. பிரான்சுப் பக்கத்து முதல் ஊர் செர்பேர். இரண்டுக்கும் இடையே ஒரு கணவாய்ச் சாலையும், மலையைக் குடைந்து செல்லும் ஓர் இரயில்பாதையும் உள்ளன. 1939ஆம் ஆண்டு சனவரி இறுதியிலும் பிப்ரவரித் தொடக்கத்திலும் இம்மலை எல்லையின் பல வழிகளில் ஏறத்தாழ ஐந்து இலட்சம் மக்கள் தம் நாட்டை விட்டு வெளியேறினர். தோற்ற படையின் வீரர்களும், கைக்குழந்தை ஏந்திய பெண்களும், காயம்பட்டோரும், முதியோரும் அக்கூட்டத்தில் இருந்தனர். அறுபத்து மூன்று வயதுக் கவிஞர் ஒருவரும், எண்பத்தைந்தை எட்டிக்கொண்டிருந்த அவருடைய தாயும் அவர்களோடு மழையில் நனைந்தபடி எல்லையைக் கடந்தனர். அக்கவிஞர் அந்தோனியோ மச்சாதோ. எல்லையைக் கடந்த இருபத்தாறாம் நாள் அவர் இறந்தார்.

பத்தாண்டுகளாகக் கவிதையைப் படித்தும் எழுதியும் விவாதித்தும் வரும் நம் வட்டத்தின் மலரில் இக்கவிஞரின் வரலாறு இடம்பெறுவது பொருத்தம் என்று கருதுகிறேன். அகம் பாடுவோனுக்குப் புறத்தில் என்ன வேலை என்னும் வினா நம் கூட்டங்களில் அடிக்கடி எழுவதுண்டு. அகத்தையும் புறத்தையும் ஒரே புலவர் பாடிய மரபு நம்முடையது. எனினும் அவ்விரண்டும் ஒருவருடைய வாழ்வில் எவ்வாறு ஒன்றையொன்று தொடுகின்றன என்பதை அறிய, காலத்தால் நமக்கு அண்மையில் வாழ்ந்த ஒரு பெருங்கவிஞரின் வாழ்வை நோக்குதல் பயன்தரும். அவர்தம் பாடல் வரிகளைத் தராமல் வாழ்வை மட்டுமே இங்குச் சொல்ல முற்படுகிறேன்.

செவீயாவின் முற்றம்

அந்தோனியோ மச்சாதோ 1875ஆம் ஆண்டு சூலை 26ஆம் நாள் ஸ்பெயினின் தென்பகுதியான அந்தலூசியாவில், செவீயா நகரில் பிறந்தார். பிறந்த வீடு ஓர் அரண்மனை. ஆனால் அவர் செல்வக் குடியினர் அல்லர். ஆல்பா கோமகனுக்கு உரிய துவேஞ்ஞாஸ் அரண்மனையின் பகுதிகள் அக்காலத்தில் குடும்பங்களுக்கு வாடகைக்கு விடப்பட்டிருந்தன. அவற்றுள் ஒன்றில் மச்சாதோ குடும்பம் குடியிருந்தது. நீரூற்றும் எலுமிச்சை மரமும் கொண்ட அவ்வீட்டு முற்றம் அவருடைய பாடல்களில் இறுதிவரை வந்துகொண்டே இருந்தது.

பாட்டனார் இயற்கை அறிவியல் பேராசிரியர். டார்வினின் கொள்கையை ஸ்பெயினில் பரப்பியவர்களுள் ஒருவர். தந்தையார் நாட்டார் வழக்காறுகளைத் தொகுத்த முன்னோடி. ஃபிளமெங்கோ பாடல்களை அறிவுலகம் பொருட்படுத்தாத காலத்தில் அவற்றைத் திரட்டி நூலாக்கியவர். ஏட்டில் இல்லாத பாட்டும் பாட்டே என்ற உணர்வு மகனுக்குத் தந்தைவழி வந்த சொத்து எனலாம். அவருக்கு வேறு சொத்து எதுவும் வரவில்லை. 1883இல் குடும்பம் தலைநகர் மாட்ரிட்டுக்குப் பெயர்ந்தது. அங்கு ஹினெர் தே லோஸ் ரியோஸ் என்னும் கல்வியாளர் நடத்திய சுதந்திரக் கல்வி நிறுவனத்தில் சிறுவர்கள் சேர்க்கப்பட்டனர். மனப்பாடத்தையும் தண்டனையையும் ஒதுக்கி, மாணவரை மலைக்கும் ஆற்றுக்கும் அழைத்துச் சென்று கற்பித்த பள்ளி அது. 1893இல் தந்தையார் மறைந்தார். தாய் அனா ரூயிஸ் வறுமையோடு போராடி மக்களை வளர்த்தார்.

மூத்தவர் மனுவேலும் இளையவர் அந்தோனியோவும் ஓராண்டு இடைவெளியில் பிறந்தவர்கள், இருவரும் கவிஞர்கள். 1899இல் இருவரும் பாரிஸ் சென்று ஒரு பதிப்பகத்தில் மொழிபெயர்ப்பு வேலை பார்த்தனர். பின்னாளில் இருவரும் சேர்ந்து நாடகங்கள் எழுதி அரங்கேற்றினர். இவ்வுடன்பிறப்புப் பிணைப்பை வாசகர் நினைவில் இருத்த வேண்டும். பின்னர் வந்த போர் இதையும் அறுத்தது.

அந்தோனியோவின் முதல் தொகுதி 1903இல் வெளிவந்தது. அதை விரித்துத் திருத்திய பதிப்பு 1907இல் வந்தது. அதே ஆண்டில் அவருக்குப் பிரெஞ்சு மொழி ஆசிரியர் பணி கிடைத்தது. பணியிடம் சோரியா.

சோரியா: முதல் பிரிவு

சோரியா வட காஸ்டீலின் மேட்டுநிலத்தில் துவேரோ ஆற்றங்கரையில் அமைந்த சிற்றூர். குளிர் கடுமையானது, நிலம் வறண்டது, மக்கள் பிழைப்புத் தேடி ஊரைவிட்டுச் சென்றுகொண்டிருந்தனர். தென்னாட்டு ஒளியில் பிறந்தவர் அவ்வறண்ட நிலத்தைத் தம் கவிதையின் தாய்மண்ணாக ஏற்றுக்கொண்டார்.

அங்கு அவர் தங்கியிருந்த விடுதியை நடத்தியவர்களின் மகள் லியோனோர் இஸ்கியெர்தோ. 1909ஆம் ஆண்டு சூலை 30ஆம் நாள் இருவருக்கும் திருமணம் நடந்தது. மணமகனுக்கு வயது முப்பத்து நான்கு, மணமகளுக்குப் பதினைந்து. திருமண நாளில் ஊர் இளைஞர் சிலர் எள்ளி நகையாடினர். இத்திருமணத்தை இலக்கிய வரலாற்றாசிரியர் பலர் இனிய கனவாக வருணிப்பர். இக்கால வாசகர், குறிப்பாகப் பெண் வாசகர், அவ்வாறு எளிதில் கடந்து செல்ல இயலாது. பதினைந்து வயதுச் சிறுமியின் மனம் என்ன நினைத்தது என்பதை அவள் வாய்மொழியாகக் கேட்க நமக்கு வழியில்லை. கவிஞரின் பாடல்களின் வழியாகவே அவளை நாம் காண்கிறோம். இக்குறையை மனத்தில் கொண்டே அவருடைய அன்பின் உண்மையையும் ஏற்றுக்கொள்ளவேண்டியவர்களாக இருக்கிறோம். அவ்வன்பு உண்மையானது என்பதற்கு அடுத்த மூன்றாண்டுகள் சான்று.

1911இல் உதவித்தொகை பெற்று மனைவியுடன் பாரிஸ் சென்றார். மெய்யியலாளர் பெர்க்சனின் சொற்பொழிவுகளைக் கேட்டார். அவ்வாண்டு சூலை நடுவில், பிரெஞ்சு நாட்டு விழாவையொட்டி நகரமே களிப்பில் இருந்த வேளையில், லியோனோர் இரத்தம் கக்கினாள். காசநோய். ஊர் திரும்பக் கையில் பணமில்லை. நிகராகுவா நாட்டுக் கவிஞர் ரூபன் தாரியோ கடன் தந்து உதவினார். சோரியா திரும்பியபின், மனைவியைச் சக்கர நாற்காலியில் அமர்த்தி, நல்ல காற்றுக்காக மேட்டுவழியில் தாமே தள்ளிச் செல்வார் என்பர். அந்நாள்களில் அவர் எழுதிய பாடல் ஒன்று, இடிவிழுந்து பிளந்த ஒரு முதுமரத்தில் இளவேனிலில் துளிர்த்த சில இலைகளைக் கண்டு, அத்தகைய அற்புதம் தமக்கும் நிகழாதா என ஏங்குவது. அற்புதம் நிகழவில்லை. 1912 ஆகஸ்டு முதல் நாள் லியோனோர் இறந்தாள். காஸ்டீல் நிலத்தைப் பாடிய அவருடைய பெருந்தொகுதி அதற்குச் சில மாதங்களுக்கு முன்னர்தான் வெளிவந்து புகழ் பெறத் தொடங்கியிருந்தது. தற்கொலை எண்ணத்திலிருந்து தம்மைக் காத்தது அந்நூலுக்குக் கிடைத்த வரவேற்பே என்று அவர் பின்னர் நண்பர் ஒருவருக்கு எழுதினார். தற்பெருமையால் அன்று, தம்மிடத்தில் பிறருக்குப் பயன்படும் ஆற்றல் ஒன்று இருக்குமாயின் அதை அழிக்கத் தமக்கு உரிமையில்லை என்ற எண்ணத்தால் என்றும் விளக்கினார்.

இவ்விளக்கம் அவருடைய வாழ்வு முழுவதற்கும் திறவுகோல். அகத்துயரத்தின் அடித்தளத்திலிருந்தே அவருடைய பொதுக்கடமை முளைத்தது.

ஆசிரியர்; குடிமகன்; காதலர்

சோரியாவில் இருக்க மனம் ஒப்பாமல் தெற்கே பயேசா என்னும் ஊருக்கு மாற்றல் பெற்று 1919வரை அங்குப் பணியாற்றினார். உழைப்போர் நிலமற்றும், நிலமுடையோர் உழைப்பற்றும் வாழ்ந்த அவ்வூர் அவருக்குச் சமூகத்தைக் காட்டியது. 1916இல் மாணவர் குழுவொன்றுடன் அங்கு வந்த இளைஞர் ஒருவர் அவரைச் சந்தித்தார். அவர் பெயர் ஃபெதெரிக்கோ கார்சியா லோர்கா. நாற்பது வயதைக் கடந்தபின் மச்சாதோ தாமே மாணவராகி, 1918இல் மெய்யியலில் பட்டம் பெற்றார்.

1919இல் செகோவியாவுக்கு மாறினார். குளிர் நிறைந்த எளிய விடுதி அறை ஒன்றில் பல்லாண்டு தங்கினார். தொழிலாளர்க்கு இலவசமாகக் கல்வி தரும் மக்கள் பல்கலைக்கழகத்தை நண்பர்களுடன் சேர்ந்து அங்கு நடத்தினார். 1927இல் ஸ்பானிய அரச கல்விக்கழகம் அவரை உறுப்பினராகத் தேர்ந்தது. ஏற்புரையை எழுதத் தொடங்கினார். ஆயினும் இறக்கும்வரை அவ்விருக்கையில் அமரவில்லை. 1931 ஏப்ரல் 14ஆம் நாள் குடியரசு அறிவிக்கப்பட்டபோது செகோவியா நகர மன்றத்தில் குடியரசுக் கொடியை ஏற்றியவர்களுள் அவரும் ஒருவர்.

இதற்கிடையே 1928ஆம் ஆண்டு செகோவியாவில் அவர் பிலார் தே வல்தெர்ராமா என்னும் பெண்ணைச் சந்தித்தார். பிலார் மணமானவர்; மூன்று மக்களின் தாய்; கவிதை நூல்கள் வெளியிட்டவர். இருவரும் மாட்ரிட்டின் புறநகர்க் காப்பிக்கடை ஒன்றிலும் பூங்காவிலும் ஊரறியாமல் சந்தித்தனர். உடலுறவு அற்ற நட்பாகவே அது இருக்க வேண்டும் என்பது பிலார் விதித்த எல்லை. அவ்வெல்லையை மச்சாதோ ஏற்றார். பாடல்களில் அவர் சூட்டிய பெயர் கியோமார். ஒருவர் பெயரைச் சுட்டாமல் பாடுதல் அகத்திணை மரபு என்று படித்த நமக்கு இம்மறைப்பு புதிதன்று. ஆயின் நம் மரபில் அது இலக்கண விதி. இங்கோ உயிருள்ள ஒரு பெண்ணின் மானத்தையும் மணவாழ்வையும் காத்த திரை.

கியோமார் என்பவர் கற்பனைப் படைப்பே என்று திறனாய்வாளர் சிலர் நெடுங்காலம் எண்ணியிருந்தனர். 1950இல் கடிதங்கள் சில பெயர் மறைத்து வெளியிடப்பட்டபோதும் ஐயம் முழுதும் தீரவில்லை. பிலார் 1979இல் மறைந்த பின்னரே, 1981இல், தாமே கியோமார் என்று அறிவிக்கும் அவருடைய நினைவு நூல் வெளிவந்தது. மச்சாதோ எழுதிய கடிதங்களில் பெரும்பகுதி தீக்கிரையானது. சில பத்துக் கடிதங்களே எஞ்சின. கவிஞரின் நிழலாக மட்டுமே பேசப்பட்ட ஒரு பெண்கவி, தம் பெயரைத் தாம் இறந்தபின்னரே உரிமை கொண்டாட முடிந்தது என்பது எண்ணிப் பார்க்கத்தக்கது.

1936இல் பிலார் குடும்பத்துடன் போர்த்துகல் சென்றார். அதே ஆண்டு போர் மூண்டது. அவருடைய குடும்பம் கிளர்ச்சிப் படையின் பக்கம். மச்சாதோ குடியரசின் பக்கம். இருவரும் மீண்டும் ஒருவரையொருவர் காணவில்லை. பிரெனீஸ் மலையைக் கடப்பதற்கு நெடுநாள் முன்னரே கவிஞரின் வாழ்வில் ஓர் எல்லைக்கோடு விழுந்துவிட்டது.

போரும் எழுதுகோலும்

1936 சூலை 18இல் தளபதிகள் சிலர் தேர்ந்தெடுக்கப்பட்ட அரசுக்கு எதிராகக் கிளர்ந்தனர். செருமனியும் இத்தாலியும் ஃபிராங்கோவுக்குப் படையும் வானூர்திகளும் அனுப்பின. பிரித்தானியாவும் பிரான்சும் தலையிடாமை என்ற பெயரில் ஒதுங்கி நின்றன. போர் தொடங்கியபோது அண்ணன் மனுவேல் மனைவியுடன் பூர்கோஸ் நகரில் இருந்தார். அந்நகர் கிளர்ச்சியாளர் வசமாயிற்று. மனுவேல் அங்கேயே தங்கி, ஃபிராங்கோவைப் புகழ்ந்து பாடல் எழுதினார். 1938இல் கல்விக்கழக உறுப்பினரும் ஆனார். அச்சத்தால் எழுதினாரா, நம்பிக்கையால் எழுதினாரா என்று இன்றும் வழக்காடுவோர் உளர். தம்பி அண்ணனைப் பற்றி ஒரு கடுஞ்சொல்லும் அச்சேற்றவில்லை என்பதே நாம் கருதவேண்டியது.

ஆகஸ்டில் கிரனாடாவில் லோர்கா சுட்டுக் கொல்லப்பட்டார். அச்செய்தி உறுதியானபின், அக்டோபரில், மச்சாதோ எழுதிய இரங்கற்பா குடியரசுப் பகுதியெங்கும் பரவியது. கொலை நடந்த ஊரையே குற்றத்தின் பெயராக்கிய பாடல் அது.

நவம்பரில் மாட்ரிட் முற்றுகையிடப்பட்டது. எழுத்தாளர்களையும் அறிஞர்களையும் பாதுகாப்பான இடத்துக்கு அனுப்ப அரசு முடிவு செய்தது. கவிஞர்கள் ரஃபாயேல் ஆல்பெர்த்தியும் லியோன் ஃபெலிப்பேயும் வந்து அழைத்தபோது மச்சாதோ முதலில் இசையவில்லை. தாயும் உடன்பிறந்தார் குடும்பமும் உடன்வர ஏற்பாடான பிறகே புறப்பட்டார். வலென்சியாவை அடுத்த ரோக்காஃபோர்ட் என்னும் ஊரில் ஒரு வீட்டில் தங்கினார். மூச்சிரைப்பும் இதயநோயும் இருந்தன, ஓயாமல் புகைப்பவர், படியேறவும் முடியாதவர். ஆயினும் அவர் வாழ்வில் மிகுதியாக எழுதிய காலங்களுள் அதுவும் ஒன்று. 1937 சனவரியில் தொடங்கிய ஓரா தே எஸ்பாஞா என்னும் மாத இதழில் ஏறத்தாழ ஒவ்வொரு திங்களும் எழுதினார். தாம் படைத்த ஹுவான் தே மைரேனா என்னும் கற்பனை ஆசிரியரின் வாய்வழியாக, நகைச்சுவையும் மெய்யியலும் கலந்து பேசினார். போர்க்காலத்திலும் மாணவரை ஐயுறக் கற்பிக்கும் ஆசிரியர் அவர்.

1937 சூலையில் பண்பாட்டுப் பாதுகாப்புக்கான உலக எழுத்தாளர் மாநாடு வலென்சியாவில் கூடியது. அதில் மச்சாதோ நிகழ்த்திய உரையின் சாரம் நமக்கு அயலானது அன்று. பண்பாடு என்பது பங்கிட்டால் குறையும் பொற்குவை அன்று; பலருக்குத் தருவதால் சிலருக்குக் குறையும் என்று அஞ்சுவோர் அதை உணராதவர் என்பது அவர் கருத்து. கொடுக்கக் கொடுக்க நிறையும் செல்வம் கல்வி என்று சிறுவயதிலேயே கேட்டு வளர்ந்த நாம் இக்கருத்தை எளிதில் வழிமொழிவோம். குண்டுவீச்சு நடுவே, புத்தகத்தைவிடத் துப்பாக்கிக்கு விலை மிகுந்த காலத்தில், அதைச் சொன்னதில்தான் அதன் எடை இருக்கிறது.

1938 ஏப்ரலில் குடும்பம் பார்சலோனாவுக்குப் பெயர்ந்தது. அவ்வாண்டு சூன் மாதத்தில் ஜவகர்லால் நேரு குடியரசுக்கு ஆதரவு தெரிவிக்க அந்நகருக்கு வந்து ஐந்து நாள் தங்கினார் என்பதும் நினைவுகொள்ளத் தக்கது. உணவும் நிலக்கரியும் அரிதாயின. நாளிதழுக்குக் கட்டுரை எழுதினார் மச்சாதோ. அதே ஆண்டில் போர்க்காலச் செய்யுள்கள் சிலவற்றை வெளியிட்டார். பதினான்கடிப் பாக்களான அவற்றுள் போர்க்களமும் உண்டு. குழந்தைப்பருவச் செவீயாவும் உண்டு. தொலைவில் வேறொரு கடற்கரையில் இருக்கும் கியோமாரும் உண்டு. அகமும் புறமும் ஒரே கட்டில் நின்றன. முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு திரிந்து பாலையாகும் என்று நாம் படித்திருக்கிறோம். ஒரு நாடே திரிந்து பாலையானபோது, பிரிவுத்துயர் தனிமனிதத் துயராக மட்டும் நின்றுவிடவில்லை.

எல்லை

1938 திசம்பர் 23இல் ஃபிராங்கோவின் படை கட்டலோனியாவைத் தாக்கத் தொடங்கியது. 1939 சனவரி 22ஆம் நாள் இரவு மச்சாதோவும் தாயும், தம்பி ஹோசேயும் அவர் மனைவி மத்தேயாவும் பார்சலோனாவை விட்டுப் புறப்பட்டனர். ஹோசேயின் பெண்மக்கள் முன்னரே பாதுகாப்புக்காகச் சோவியத்து நாட்டுக்கு அனுப்பப்பட்டிருந்தனர். நான்கு நாளில் பார்சலோனா வீழ்ந்தது. ஜிரோனா அருகே பண்ணைவீடுகளில் சில இரவுகள் கழிந்தன. மொழியியலாளர் நவாரோ தொமாஸ், மெய்யியலாளர் ஹவாக்கிம் ஷிராவ், கட்டலான் கவிஞர் கார்லஸ் ரிபா, எழுத்தாளர் கோர்ப்புஸ் பார்கா ஆகியோர் வழித்துணை ஆயினர். ஒரு நாட்டின் அறிவுலகம் சில ஊர்திகளுக்குள் அடங்கிவிட்டது.

சனவரி 27ஆம் நாள் மாலை எல்லைக்குச் சற்று முன்னரே ஊர்திகள் நகர முடியாமல் நின்றன. சாலை முழுவதும் மக்கள். குளிர், மழை, ஒருபுறம் மலைச்சரிவு, மறுபுறம் கடல். எஞ்சிய தொலைவை நடந்தே கடக்க வேண்டியிருந்தது. பெட்டிகளைச் சுமக்க எவராலும் இயலவில்லை. கையெழுத்துப்படிகள் அடங்கிய பெட்டி அங்கேயே விடப்பட்டது, அது மீளவில்லை. தாயின் நரைத்த தலைமுடி மழையில் நனைந்து முகத்தில் ஒட்டியிருந்தது. பிரெஞ்சுக் காவலர் கூட்டத்தை நிறுத்தி வைத்திருந்தனர். பிரான்சில் வாழ உரிமைச்சீட்டு வைத்திருந்த கோர்ப்புஸ் பார்கா காவல் அதிகாரியிடம் சென்று, பிரெஞ்சு மக்களுக்குப் போல் வலேரி எத்தகையவரோ அத்தகையவர் ஸ்பானிய மக்களுக்கு இம்முதியவர் என்று எடுத்துரைத்தார். அதிகாரி தம் வண்டியைத் தந்தார். தாயும் மகனும் செர்பேர் இரயில் நிலையத்தை அடைந்தனர். ஒதுக்குப்பாதையில் நின்ற பெட்டி ஒன்றில் அவ்விரவைக் கழித்தனர்.

பெயர் அறியாத இலட்சக்கணக்கானோருக்கு அத்தகைய வண்டி கிடைக்கவில்லை. அர்ஷலேஸ் கடற்கரையிலும் சென் சிப்ரியேன் கடற்கரையிலும் முள்வேலிக்குள், கூரையற்ற மணலில், அவர்கள் அடைக்கப்பட்டனர். ஒரு கவிஞரின் துயரைச் சொல்லும்போது அவர்களை மறத்தல் அவருக்கே உடன்பாடாகாது.

கொலியூர்

சனவரி 28இல் எல்லைக்கு அருகிலுள்ள கொலியூர் என்னும் மீனவர் ஊரில் இறங்கினர். நிலையத்திலிருந்து விடுதிவரை மூதாட்டியைக் கோர்ப்புஸ் பார்கா தம் கைகளில் ஏந்திச் சென்றார். மனம் தளர்ந்திருந்த தாய், செவீயா வந்துவிட்டதா என்று வழியில் கேட்டார் என்பர். எண்பத்தைந்தாம் வயதின் வாயிலில், எல்லாம் இழந்து, அயல்நாட்டில் இறங்கிய அம்முதியவளுக்கு உலகில் செல்லுமிடம் ஒன்றே எஞ்சியிருந்தது.

பூஞோல் கின்தானா விடுதியின் உரிமையாளரான பெண்மணி அவர்களிடம் பணத்தை எதிர்பார்க்காமல் இடந்தந்தார். ஊர்க்கடைக்காரர் மாற்றுடை தந்தார். இரயில் நிலைய அலுவலர் ஷாக் பாய்ஸ் விடுதிப் பதிவேட்டில் பெயரைக் கண்டு, தாம் இரவுப்பள்ளியில் ஸ்பானிய மொழி கற்றபோது படித்த பாடல்களின் ஆசிரியர் இவர்தாமோ என்று கேட்டறிந்தார். அகதியாக வந்தவரைக் கவிஞராக மீட்டது, எளிய ஊழியர் ஒருவரின் நினைவில் இருந்த பாடம். கவிதை எங்கே போய்ச் சேர்கிறது என்று மனம் சோரும் நம்மனோர்க்கு இந்நிகழ்ச்சி ஆறுதல்.

ஒருநாள் தம்பியின் துணையுடன் கடற்கரைக்குச் சென்று, படகொன்றில் அமர்ந்து, மீனவர் குடில்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். பின் நோய் மிகுந்தது. ஒரே அறையில் தாயும் மகனும் படுத்திருந்தனர். 1939 பிப்ரவரி 22, சாம்பல் புதன்கிழமை பிற்பகல், அந்தோனியோ மச்சாதோ இறந்தார். தாய் மூன்று நாள் கழித்து, பிப்ரவரி 25இல், தம் எண்பத்தைந்தாம் பிறந்தநாளன்று மறைந்தார். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் பணியாற்ற வருமாறு அழைத்த கடிதம் அவர் இறந்தபின் வந்து சேர்ந்தது.

ஊர்ப்பெண் ஒருவர் இரவோடிரவாகத் தைத்துக் கொடுத்த சிவப்பு, மஞ்சள், ஊதா நிறக் குடியரசுக் கொடி பேழையைப் போர்த்தியது. கொலியூர்க் கோட்டையில் இருந்த ஸ்பானியக் குதிரைப்படை வீரர்கள் அதைத் தோளில் சுமந்தனர். கல்லறையும் ஊரார் இரவல் தந்தது.

சில நாள் கழித்து ஹோசே அண்ணனின் பழைய மேற்சட்டைப் பையில் கசங்கிய தாள் ஒன்றைக் கண்டெடுத்தார். பென்சில் எழுத்து. இருப்பதா இறப்பதா என்னும் ஆம்லெட்டின் வினாத் தொடக்கம் ஒன்று. குழந்தைப் பருவத்து ஒளியை நினைக்கும் தனியடி ஒன்று. கியோமாருக்குப் பாடிய பழைய பாடலின் நாலடி ஒன்று, அதில் ஒரு சொல் திருத்தம். நாடும் வீடும் கையெழுத்துப்படியும் போனபின்னும், பழைய காதற்பாட்டில் ஒரு சொல்லை மாற்றிக்கொண்டிருந்தார் அக்கவிஞர். பாட்டு இன்னும் முடியவில்லை என்று எண்ணியவர் அவர்.

எஞ்சியவை

பூர்கோசில் இருந்த மனுவேல் தம்பியின் இறப்பை வெளிநாட்டுச் செய்தி வழியாக அறிந்து கொலியூர் விரைந்தார். தாயும் இறந்ததை அங்கு வந்தபின்னரே அறிந்தார். இரு நாள் கல்லறையருகே கழித்து, ஃபிராங்கோவின் ஸ்பெயினுக்கே திரும்பினார். ஹோசே சிலி நாட்டுக்குச் சென்றார். ஒரு தாய் வயிற்றில் பிறந்தோரை மலை நிலையாகப் பிரித்தது.

1941இல் ஃபிராங்கோ அரசு, இறந்து இரண்டாண்டான ஆசிரியரை ஆசிரியப் பணியிலிருந்து நீக்கி ஆணையிட்டது. உயிரோடிருக்கும் கவிஞனுக்கு அஞ்சும் அரசுகள் பல; பிணத்தைப் பணிநீக்கம் செய்த அரசு அரிது. அவ்வாணை 1981இல்தான் நீக்கப்பெற்றது. 1958இல், இசைமேதை பாவ் காசால்ஸ் முதலியோர் பங்கேற்ற நிதிதிரட்டலால், தாயும் மகனும் சொந்தக் கல்லறையில் ஒருங்கே அடக்கப்பெற்றனர். 1959இல் இளந்தலைமுறை ஸ்பானியக் கவிஞர்கள் அங்குக் கூடினர். 1966இல் பயேசாவில் அவருக்குச் சிலை வைக்க வந்தோரைக் காவலர் தடுத்துக் கலைத்தனர். 1983இல் அச்சிலை அங்கு நிறுவப்பட்டது. மலையெல்லையும் தன் கடமையை விடவில்லை. மச்சாதோ கடந்த அதே குன்றுகளை 1940 செப்டம்பரில் எதிர்த்திசையில் நடந்து கடந்தார் செருமானியச் சிந்தனையாளர் வால்டர் பெஞ்சமின். நாஜிகளிடமிருந்து தப்பிய அவர், திருப்பி அனுப்பப்படுவோம் என்றறிந்து போர்ட்போவில் உயிர்விட்டார். சில மைல் இடைவெளியில் இரு கல்லறை ஊர்கள்.

மச்சாதோவின் எதிர்ப்பு என்று எதைச் சொல்வது? அவர் துப்பாக்கி ஏந்தவில்லை. மலையில் மறைந்து போரிடவில்லை. இரு பெண்களை நேசித்தார். ஒருத்தியைச் சாவும் மற்றவரைப் போரும் பிரித்தன. அப்பிரிவுகளால் கசப்படையாமல் கற்பித்தார், எழுதினார். வெளியேற வசதியிருந்த காலத்தில் வெளியேறவில்லை. தோற்கும் மக்களோடு, அவர்கள் நடந்த அதே சாலையில், அதே மழையில் நடந்தார். கவிஞனிடம் கேட்கக்கூடியது இவ்வளவே. கொடுப்பதற்கு இது சிறிதன்று.

கொலியூரிலுள்ள அவருடைய கல்லறையருகே ஒரு கடிதப்பெட்டி உண்டு. பள்ளிச் சிறாரும், அகதிகளின் பேரப்பிள்ளைகளும், பல நாட்டுக் கவிஞர்களும் இறந்துபோன அவ்வாசிரியருக்குக் கடிதம் எழுதி அதில் இடுகின்றனர். நம் வட்டத்தைச் சேர்ந்தோர் யாரேனும் அவ்வழிச் செல்ல நேர்ந்தால், தமிழில் ஒரு கடிதம் இட்டு வருமாறு வேண்டுகிறேன்.